வீட்டுக்கு புரொஜெக்டர் வாங்கப் போறீங்களா? திரைக்கும் கரண்டுக்கும் முதல்ல கணக்குப் போடுங்க!

இப்போது 5,000 ரூபாயில் தொடங்கி 15,000 ரூபாய்க்குள் வீட்டு புரொஜெக்டர்கள் கிடைக்கின்றன. போனில் ஆர்டர் போட்டால் மூன்றாவது நாள் கும்மிடிப்பூண்டியிலோ கவரைப்பேட்டையிலோ உங்கள் வாசலுக்கே வந்துவிடுகிறது. கிரிக்கெட், படம், பிள்ளைகளுக்கு மணற்கேணி செயலியில் பாடம் என்று எல்லாவற்றையும் பெரிதாகப் பார்க்கலாம். ஆசைப்படுவதில் தப்பே இல்லை.

ஆனால் வாங்கிய பிறகு வரும் ஏமாற்றம் பெரும்பாலும் இரண்டு இடத்தில்தான். ஒன்று, "படம் மங்கலா தெரியுதே!" இன்னொன்று, "மேட்ச் நடுவுல கரண்ட் போச்சு, பேக்கப் அஞ்சு நிமிஷம்கூட நிக்கலையே!" இரண்டுக்கும் புரொஜெக்டரை மட்டும் குறை சொல்ல முடியாது. திரையையும் பேக்கப்பையும் கணக்குப் பார்க்காமல் வாங்கியதால் வருவது. கணக்கு என்றதும் பயப்பட வேண்டாம். ஒரு வகுத்தல், ஒரு பெருக்கல், போன் கால்குலேட்டர் போதும்.

பெட்டியில் இருக்கும் 'லூமென்ஸ்' எண்ணை அப்படியே நம்பாதீங்க

புரொஜெக்டர் எவ்வளவு வெளிச்சம் தரும் என்பதைச் சொல்லும் அளவுதான் லூமென்ஸ். விலை குறைந்த மாடல்களின் பெட்டியில் '9,000 லூமென்ஸ்', '12,000 லூமென்ஸ்' என்றெல்லாம் பெரிய எழுத்தில் போட்டிருப்பார்கள். பல நேரங்களில் அது உள்ளே இருக்கும் எல்இடி விளக்கின் வெளிச்சமாகவோ, வெறும் விளம்பர எண்ணாகவோ இருக்கும். லென்ஸைத் தாண்டித் திரைக்கு வந்து சேரும் வெளிச்சம் அதில் சிறு பங்குதான்.

நீங்கள் தேட வேண்டிய சொல் 'ஆன்சி லூமென்ஸ்' அல்லது 'ஐஎஸ்ஓ லூமென்ஸ்'. திரையில் பல புள்ளிகளில் அளந்து சராசரி எடுத்துச் சொல்லும் அளவு அது. இந்த விலையில் வரும் பல மாடல்களில் அது சில நூறுகளில்தான் இருக்கும். அந்த எண் பெட்டியிலும் இல்லை, விற்பனைப் பக்கத்திலும் இல்லை என்றால் விற்பவரிடம் எழுத்தில் கேளுங்க. பதில் வரவில்லை என்றால் அந்த மாடலை விட்டுவிடுவது நல்லது.

இதே போல 'ஃபுல் எச்டி சப்போர்ட்' என்று எழுதியிருந்தால், ஃபுல் எச்டி படத்தை அது வாங்கிக்கொள்ளும் என்றுதான் அர்த்தம். அதே தெளிவில் காட்டுமா என்று தெரிய 'நேட்டிவ் ரெசல்யூஷன்' எவ்வளவு என்று பாருங்க. 1920 x 1080 என்று இருந்தால்தான் உண்மையான ஃபுல் எச்டி.

கணக்கு 1: லூமென்ஸை சதுர அடியால் வகுங்க

ஒரே வெளிச்சத்தைச் சின்னத் திரையில் போட்டால் பளிச்சென்று இருக்கும். பெரிய திரையில் பரப்பினால் மங்கும். ஒரு டம்ளர் பாலில் இரண்டு டம்ளர் தண்ணீர் ஊற்றின கதைதான்.

ஆன்சி லூமென்ஸைத் திரையின் சதுர அடியால் வகுங்க. சாதாரண வெள்ளைத் திரையில் கிடைக்கும் வெளிச்சம் அதுதான். இதற்கு 'ஃபுட் லாம்பெர்ட்' என்று பெயர். டிஜிட்டல் சினிமா தியேட்டர்களுக்கான அளவு 14. இருட்டான அறையில் 10-க்கு மேல் வந்தால் வீட்டுக்குத் தாராளம்.

மூலைக்கு மூலை அளக்கும் இன்ச் கணக்கில், அகலத் திரைகளின் அளவு இது:

• 60 இன்ச்: அகலம் 4.4 அடி, உயரம் 2.5 அடி, பரப்பு சுமார் 11 சதுர அடி
• 80 இன்ச்: அகலம் 5.8 அடி, உயரம் 3.3 அடி, பரப்பு 19 சதுர அடி
• 100 இன்ச்: அகலம் 7.3 அடி, உயரம் 4.1 அடி, பரப்பு சுமார் 30 சதுர அடி

உங்கள் புரொஜெக்டர் 200 ஆன்சி லூமென்ஸ் என்று வைத்துக்கொள்வோம். 60 இன்ச்சில் சுமார் 18 வரும், அதாவது தியேட்டர் அளவுக்கும் மேல். 80 இன்ச்சில் சுமார் 10.5, நன்றாகவே பார்க்கலாம். 100 இன்ச்சில் 7-க்கும் கீழே போய்விடும். ராத்திரிக் காட்சிகள் எல்லாம் கறுப்பாகத்தான் தெரியும். '200 இன்ச் வரை காட்டும்' என்ற விளம்பரத்தின் நிஜம் இதுதான். காட்டும், ஆனால் தெரியாது.

அறையின் நீளத்தையும் பாருங்க. இந்த விலையில் வரும் பெரும்பாலான மாடல்களுக்குத் திரை அகலத்தைப் போல ஒன்றேகால் முதல் ஒன்றரை மடங்கு தூரம் தேவை. 80 இன்ச்சுக்கு ஏழே கால் முதல் எட்டே முக்கால் அடி. சிப்காட் சுற்றுவட்டாரத்தில் வாடகைக்குக் கிடைக்கும் 10 அடி ஹாலில் 80 இன்ச் பொருந்தும். 100 இன்ச்சுக்குப் பல மாடல்களில் இடம் போதாது.

புரொஜெக்டரைத் திரைக்கு நேராக வையுங்க. சாய்த்து வைத்துவிட்டு 'கீஸ்டோன்' மூலம் சரிசெய்தால் படம் நேராகும்தான். ஆனால் வெளிச்சமும் தெளிவும் கொஞ்சம் வெட்டுப்படும்.

திரைக்கு எதைப் போடலாம்?

சுவர்: செலவே இல்லாத வழி. மேடு பள்ளம் இல்லாமல் பட்டி பார்த்து, பளபளப்பில்லாத மேட் வெள்ளை பெயின்ட் அடித்த சுவர் நல்ல திரைதான். பச்சை, ரோஸ் டிஸ்டம்பர் அடித்த சுவரென்றால் படத்தில் எல்லார் முகமும் அந்த நிறத்தில்தான் தெரியும். வாடகை வீடென்றால் ஓனரிடம் கேட்டுவிட்டு ஒரு சுவரை மட்டும் வெள்ளை அடித்துக்கொள்ளலாம்.

வேட்டி, பெட்ஷீட்: வெளிச்சம் துணியைத் தாண்டிப் பின்னால் போய்விடும். மின்விசிறிக் காற்றில் ஆடும். ஒரு நாள் சமாளிக்கலாம், தினமும் சரிவராது.

ஃப்ளெக்ஸ்: ஊருக்கு ஊர் பேனர் கடை இருக்கிறது. பிரின்ட் இல்லாத வெள்ளை ஃப்ளெக்ஸில் பின்பக்கம் கறுப்பாக இருக்கும் 'பிளாக் பேக்' ரகத்தை, மேட் ஃபினிஷில் கேளுங்க. வெளிச்சம் பின்னால் போகாது. பளபளப்பான ரகம் வேண்டாம், நடுவில் பல்பு எரிவது போல ஒரு புள்ளி தெரியும். நான்கு பக்கமும் ஐலெட் போட்டு இழுத்துக் கட்டினால் சுருக்கம் வராது. மடித்து வைக்காமல் சுருட்டி வையுங்க.

சுருட்டும் பிவிசி திரை: மேட் வெள்ளை ரகம் பெரும்பாலான வீடுகளுக்குப் போதும். சிறிய ஹாலில் படம் முடிந்ததும் மேலே சுருட்டிவிடலாம். நாளாக ஆக இரண்டு ஓரமும் உள்பக்கம் வளைவது இதன் பலவீனம். வாங்கும்போதே முழுசாக விரித்துப் பாருங்க.

மெட்டாலிக் துணி, வெள்ளித் திரை: வெளிச்சத்தைக் கூட்டிக் காட்டும் என்று விற்கிறார்கள். நேர் எதிரே உட்கார்ந்தவருக்குக் கூடும்தான். பக்கத்தில் பாய் போட்டு உட்கார்ந்தவருக்குக் குறையும். குடும்பமாகவோ அறை நண்பர்களாகவோ வரிசையாக உட்கார்ந்து பார்ப்பவர்களுக்கு மேட் வெள்ளையே மேல்.

சாம்பல் நிறத் திரை: கறுப்பை நன்றாகக் காட்டும், ஆனால் வெளிச்சத்தைக் குடிக்கும். 200, 300 லூமென்ஸ் புரொஜெக்டருக்கு வேண்டாம்.

பட்ஜெட் இறுக்கமாக இருந்தால் திரையை விடத் தடித்த ஜன்னல் திரைச்சீலைக்கு முதலில் செலவு செய்யுங்க. அறை இருட்டானால் எந்தத் திரையிலும் படம் எடுப்பாகத் தெரியும். நைட் ஷிப்ட் முடித்துவிட்டுப் பகலில் தூங்குபவர்களுக்கு அதே திரைச்சீலை தூக்கத்துக்கும் உதவும்.

நம்ம பகுதிக்கு ஒரு தனிக் கவனம்: தூசியும் ஈரமும்

கும்மிடிப்பூண்டி சிப்காட் பகுதியில் இரும்பு உருக்கு ஆலைகள் பல இருக்கின்றன. லாரிப் போக்குவரத்தும் ஜாஸ்தி. விலை குறைந்த புரொஜெக்டர்களில் விசிறி உள்ளே இழுக்கும் காற்றோடு தூசியும் போய், படத்தில் சாம்பல் புள்ளிகளாக உட்கார்ந்துவிடும். அதனால் 'சீல்டு ஆப்டிகல் என்ஜின்' உள்ள மாடலா என்று கேட்டு வாங்குங்க. இல்லையென்றால் ஃபில்டரைக் கழற்றி மாதம் ஒருமுறை தட்டிச் சுத்தம் செய்யும் வசதியாவது இருக்கணும்.

பழவேற்காடு, எண்ணூர் போன்ற கடலோரப் பகுதிகளில் ஈரக்காற்றால் திரையில் பூஞ்சை பிடிக்கும். மழைக்காலத்தில் வாரம் ஒருமுறை திரையை விரித்து, உலர்ந்த துணியால் துடைத்து, காற்றாட விடுங்க.

கணக்கு 2: வாட்ஸை மணியால் பெருக்குங்க

வல்லூரிலும் வடசென்னை அனல் மின் நிலையத்திலும் மின்சாரம் தயாராவது நம் திருவள்ளூர் மாவட்டத்தில்தான். அதற்காக நம் தெருவில் கரண்ட் போகாமல் இருக்குமா? பராமரிப்பு, மழை, காற்று, கேபிள் பழுது என்று எங்கேயும் போகத்தான் செய்யும்.

பேக்கப் வாங்கும் முன் தேவையை எழுதுங்க. ஒரு சாதாரண வீட்டு உதாரணம்:

• புரொஜெக்டர்: 80 வாட்ஸ் (உங்களுடையது எவ்வளவு என்று அடியில் உள்ள லேபிளில் பாருங்க)
• சாதாரண மின்விசிறி: 75 வாட்ஸ்
• ஒரு டியூப்லைட்: 20 வாட்ஸ்
• வைஃபை ரூட்டர்: 10 வாட்ஸ்

மொத்தம் 185 வாட்ஸ். மூன்று மணி நேரப் படத்துக்கு 185 x 3 = 555 வாட் அவர். இதுதான் உங்கள் தேவை.

இனி பேட்டரியில் எவ்வளவு இருக்கிறது? வோல்ட்டை ஏஎச்-ஆல் பெருக்குங்க. வீட்டு இன்வெர்ட்டருக்குப் போடும் 12 வோல்ட், 150 ஏஎச் டியூபுலர் பேட்டரியில் 1,800 வாட் அவர். இன்வெர்ட்டரில் வீணாவது, பேட்டரியை முழுக்க வடிக்கக் கூடாது என்பது இரண்டையும் கழித்தால் மூன்றில் இரண்டு பங்கு, அதாவது 1,200, கைக்கு வரும். 1,200-ஐ 185-ஆல் வகுத்தால் ஆறரை மணி நேரம். பேட்டரி பழசாக ஆக இது குறையும்.

மற்ற பேக்கப்களுக்கும் இதே கணக்கைப் போட்டுப் பார்ப்போம்.

கம்ப்யூட்டர் யுபிஎஸ், 600 விஏ: உள்ளே 12 வோல்ட், 7 ஏஎச் பேட்டரிதான் பொதுவாக இருக்கும். 84 வாட் அவர். சின்ன பேட்டரியில் வேகமாக எடுத்தால் இன்னும் குறைவாகத்தான் தரும். புரொஜெக்டருக்கு மட்டும் 20 முதல் 30 நிமிஷம். முழுப் படத்துக்குப் போதாது. கரண்ட் வந்து வந்து போகும் நேரத்தில் புரொஜெக்டர் அணையாமல் காக்க மட்டும் போதும். 600 விஏ என்பது 600 வாட்ஸ் இல்லை, 360 வாட்ஸ் அளவுதான் தாங்கும் என்பதையும் கவனிங்க.

பவர் பேங்க்: 20,000 எம்ஏஎச் என்பது கேட்க நிறைய. 3.7 வோல்ட்டால் பெருக்கினால் 74 வாட் அவர்தான். கைக்கு வருவது 60-க்கும் கீழே. டைப்-சி வழியாக ஓடும் சிறிய புரொஜெக்டருக்கு மட்டுமே, அதுவும் அது கேட்கும் வாட்ஸை பவர் பேங்க் தருமா என்று பார்த்த பிறகே.

ரூட்டருக்கான மினி யுபிஎஸ்: 12 வோல்ட், 2 ஆம்பியர் என்றால் 24 வாட்ஸ். வைஃபைக்கு அருமை. புரொஜெக்டரில் மாட்டிப் பார்க்காதீங்க.

மேற்கூரை சோலார்: பேட்டரி இல்லாத 'ஆன்-கிரிட்' அமைப்பு கரண்ட் போனதும் தானாக நின்றுவிடும். லைனில் வேலை பார்க்கும் மின் ஊழியரின் உயிர்ப் பாதுகாப்புக்காக அப்படித்தான் வடிவமைத்திருக்கிறார்கள். அதை பேக்கப் என்று எண்ண வேண்டாம்.

இன்வெர்ட்டர் வாங்குவதென்றால் 'ப்யூர் சைன் வேவ்' ரகமாக வாங்குங்க. ஸ்கொயர் வேவ் ரகத்தில் மின்விசிறி இரையும், அடாப்டர் சூடாகும். பல இன்வெர்ட்டர்களில் 'யுபிஎஸ் மோடு' என்று ஒரு சுவிட்ச் இருக்கும். அதில் வைத்தால் கரண்ட் போகும்போது புரொஜெக்டர் அணைந்து மறுபடி தொடங்காது. ஆனால் லோ வோல்டேஜ் அடிக்கடி வரும் தெருவில், அந்த மோடில் இன்வெர்ட்டர் சும்மா சும்மா பேட்டரிக்கு மாறும். பேட்டரி சீக்கிரம் தேயும். லோ வோல்டேஜ் தொடர்ந்தால் புகார் செய்வதுதான் தீர்வு.

புயல் நேரத்தில் சினிமாவா, விசிறியா?

2023 டிசம்பரில் மிக்ஜாம் புயலின்போது சென்னை, திருவள்ளூர், காஞ்சிபுரம், செங்கல்பட்டு மாவட்டங்களில் வெள்ளம் சூழ்ந்தது. பல இடங்களில் உயிர்ப் பாதுகாப்புக்காக மின்சாரம் நிறுத்தப்பட்டது. நாள் கணக்கில் இருட்டில் இருந்த தெருக்கள் உண்டு. அப்போது பேட்டரியில் இருக்கும் ஒவ்வொரு வாட்டும் முக்கியம்.

அதே 1,200 வாட் அவரை வைத்துப் பாருங்க. புரொஜெக்டரோடு சேர்த்து எல்லாம் ஓடினால் ஆறரை மணி நேரம். புரொஜெக்டர், ரூட்டர், டியூப்லைட்டை நிறுத்திவிட்டு, 30 வாட்ஸ் எடுக்கும் பிஎல்டிசி மின்விசிறி ஒன்று, 9 வாட்ஸ் பல்பு ஒன்று, ஒரு போன் சார்ஜர் என்று 50 வாட்ஸில் ஓட்டினால் 24 மணி நேரம்! ஒரு ராத்திரியும் ஒரு பகலும் தாண்டலாம். காய்ச்சல் குழந்தையோ வயசான பெரியவரோ இருக்கும் வீட்டில் இந்த வித்தியாசம் சின்ன விஷயம் இல்லை. தமிழ்நாடு அரசின் டிஎன்-அலர்ட் செயலியைப் போனில் வைத்திருங்க. புயல் எச்சரிக்கை வந்ததும் பேட்டரியை முழுசாக சார்ஜ் ஏற்றி, புரொஜெக்டருக்கு லீவு கொடுத்துவிடுங்க. 150 ஏஎச் பேட்டரி சார்ஜ் ஏற 10 மணி நேரத்துக்கு மேல் ஆகும் என்பதால் கடைசி நிமிஷம் வரை தள்ளிப்போட வேண்டாம்.

இதை மட்டும் செய்யவே கூடாது

• வீட்டுக்குள் தண்ணீர் ஏறினால் இன்வெர்ட்டரைத் தொடாதீங்க. கரண்ட் இல்லாவிட்டாலும் அதிலிருந்து 230 வோல்ட் வரும். தண்ணீர் ஏறும் முன்பே அணைத்து, உயரமான இடத்தில் வையுங்க. நனைந்ததை எலக்ட்ரீஷியன் பார்க்காமல் போட வேண்டாம்.
• ஜெனரேட்டரை வயர் போட்டுச் சுவர் பிளக்கில் செருகாதீங்க. அந்த மின்சாரம் லைனுக்குத் திரும்பிப் போய் மின் ஊழியர் உயிரைப் பறிக்கும்.
• டியூபுலர் பேட்டரியைக் கட்டிலுக்கு அடியில், காற்றோட்டம் இல்லாத இடத்தில் வைக்காதீங்க. சார்ஜ் ஏறும்போது ஹைட்ரஜன் வாயு வரும். டிஸ்டில்டு வாட்டர் மட்டுமே ஊற்றுங்க.
• மூன்று பின் பிளக்கின் எர்த் பின்னை உடைத்துவிட்டு மாட்டாதீங்க.

பில்லும் உங்கள் உரிமையும்

மின்ரயிலில் சென்ட்ரல் வந்து ரிச்சி தெருவில் வாங்கினாலும், போனில் வாங்கினாலும் ஜிஎஸ்டி பில் கேளுங்க. புரொஜெக்டருக்கான ஜிஎஸ்டி 2025 செப்டம்பர் 22 முதல் 28 சதவீதத்திலிருந்து 18 சதவீதமாகக் குறைந்துள்ளது. பில்லில் எவ்வளவு போட்டிருக்கிறார்கள் என்று பாருங்க.

அடாப்டரிலும் இன்வெர்ட்டரிலும் பிஐஎஸ் முத்திரையோடு 'ஆர்' என்று தொடங்கும் பதிவு எண் இருக்கணும். 'பிஐஎஸ் கேர்' செயலியில் அந்த எண்ணைப் போட்டால் அது உண்மையா, யார் பெயரில் உள்ளது என்று தெரிந்துவிடும்.

விற்பனைப் பக்கத்தில் லூமென்ஸ், ரெசல்யூஷன் போட்டிருக்கும் இடத்தை ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்க. பார்சலைப் பிரிப்பதை வீடியோ எடுங்க. சொன்னது ஒன்று, வந்தது ஒன்று என்றால் முதலில் அந்தத் தளத்தின் குறைதீர் அலுவலரிடம் புகார் செய்யுங்க. 2020-ஆம் ஆண்டின் மின்வணிக விதிகளின்படி 48 மணி நேரத்துக்குள் புகாரைப் பெற்றுக்கொண்டதாகச் சொல்லி, ஒரு மாதத்துக்குள் தீர்க்க வேண்டும். தீரவில்லையா? 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணை அழையுங்க.

அதற்கும் மேல் மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையம் இருக்கிறது. விற்பவர் டெல்லியில் இருந்தாலும் நீங்கள் வசிக்கும் அல்லது வேலை செய்யும் மாவட்டத்திலேயே வழக்குப் போட 2019-ஆம் ஆண்டுச் சட்டம் இடம் தருகிறது. 5 லட்சம் ரூபாய் வரையிலான பொருளுக்குக் கட்டணம் இல்லை. இரண்டு ஆண்டுகளுக்குள் போட வேண்டும். 'இ-ஜாக்ரிதி' தளத்தில் போனிலிருந்தே பதியலாம்.

மின்தடை, லோ வோல்டேஜ் புகாருக்கு மின்னகம்: 94987 94987, 24 மணி நேரமும். பேரிடர் உதவிக்கு மாநில அளவில் 1070, மாவட்ட அளவில் 1077.

பழைய பேட்டரியைக் குப்பையில் போடாமல் விற்ற கடையிலேயே திருப்பிக் கொடுங்க. புது பேட்டரி விலையில் கழித்துக்கொள்வார்கள்.

ஆர்டர் பட்டனை அழுத்தும் முன் ஐந்து கேள்விகள்

1. ஆன்சி லூமென்ஸ் எவ்வளவு? சதுர அடியால் வகுத்தால் 10 வருகிறதா?
2. என் அறையின் நீளத்துக்கு எத்தனை இன்ச் பொருந்தும்?
3. மேட் வெள்ளைத் திரையும் ஜன்னல் திரைச்சீலையும் பட்ஜெட்டில் சேர்ந்திருக்கிறதா?
4. மொத்த வாட்ஸ் x மணி எவ்வளவு? என் பேட்டரி தாங்குமா?
5. பில், வாரன்டி, பதிவு எண், ஸ்கிரீன்ஷாட் நான்கும் கையில் இருக்கிறதா?

ஐந்துக்கும் பதில் இருந்தால் தைரியமாக வாங்குங்க. ஒன்றுக்கு பதில் இல்லையென்றாலும் ஒரு வாரம் பொறுத்து விசாரிங்க. ஆஃபர் மறுபடி வரும்!